ஆஃப் சீசன் கிங்ஸ்லியின் தாயார் சொன்னது

குற்றாலம் காவல் நிலையம். 16.07.2025, புதன்கிழமை, முற்பகல் 11.20 மணி.

என் பெயர் எமிலி கிருபாவதி. வயது 70. காலஞ்சென்ற சாலமோன் துரைசிங் என்பவரின் மனைவி. குற்றாலம், தென்காசி சாலை, கதவு எண் 4/117, பெத்தேல் இல்லம் என்ற சொந்த வீட்டில் முப்பத்திரண்டு வருடமாக வசித்து வருகிறேன். பாளையங்கோட்டையில் கான்வென்ட் விடுதியில் தங்கிப் படித்தேன். பத்திரப் பதிவுத் துறையில் வேலை பார்த்துத் தலைமை எழுத்தராக ஓய்வு பெற்றேன். எழுதிக் கையெழுத்திட்ட ஒன்றுக்கு என்ன பொருள் என்று எனக்குத் தெரியும். என் ஒரே மகன் கிங்ஸ்லி, வயது 30, 14.06.2025 அன்று எங்கள் வீட்டில் மின்சாரம் தாக்கி இறந்தது சம்பந்தமாக மறுநாள் இதே நிலையத்தில் நான் புகார் கொடுத்தேன். அந்தப் புகாரில் சில விவரங்களைச் சொல்லவில்லை. ஒரு விவரத்தைத் திரித்துச் சொன்னேன். அதைச் சரிசெய்ய இன்று நானாகவே வந்திருக்கிறேன். என்னை யாரும் அழைத்து வரவில்லை, மிரட்டவும் இல்லை.

என் கணவர் மின்வாரியத்தில் போர்மேனாக இருந்தவர். வீட்டை அவரே முன்னின்று கட்டினார். முன்பகுதியில் நாங்கள் இருந்தோம். பின்பகுதியில் உள்ள இரண்டு அறைகளை ஜூன் முதல் ஆகஸ்ட் வரை சீசனுக்குக் குளிக்க வருபவர்களுக்கு வாடகைக்கு விடுவோம். மீதி ஒன்பது மாதம் அவை பூட்டிக் கிடக்கும். முற்றத்தில் மாமரத்துக்கு அருகில் என் கணவர் எர்த் குழி ஒன்று போட்டிருந்தார். வீட்டில் எங்காவது மின்சாரம் கசிந்தால் ஆளைத் தாக்காமல் மண்ணுக்குள் இறங்கிவிடுவதற்கான ஏற்பாடு அது. குழியில் கரியும் உப்பும் நிரப்பி, மீட்டர் பெட்டியிலிருந்து ஒரு இரும்புப் பட்டையை முற்றத்தின் வழியாக அதுவரை கொண்டு வந்திருந்தார். மண் காய்ந்துவிட்டால் எர்த் இருந்தும் பயனில்லை என்று சொல்லி, ஒவ்வொரு மார்ச் மாதமும் அந்தக் குழியில் தண்ணீர் ஊற்றுவார். 2017 நவம்பரில் அவர் இறந்தார். அதன் பிறகு கிங்ஸ்லி ஊற்றி வந்தான். "எம்மா, அப்பாவுக்குத் தண்ணி ஊத்திட்டு வாரேன்" என்று சொல்லித்தான் வாளியை எடுப்பான். இப்படிப் பேசக் கூடாது என்று கண்டித்திருக்கிறேன்.

கிங்ஸ்லி சென்னையில் கம்ப்யூட்டர் வேலையில் இருந்தான். 2020இல் கொரோனா வந்ததும் வீட்டிலிருந்து வேலை செய்யச் சொன்னதால் ஊருக்கு வந்தான். அந்த வருடம் அருவிகளை அடைத்துவிட்டார்கள். சீசன் இல்லை. பின் அறைகள் காலியாக இருந்தன. அவன் தன்னுடைய கிட்டாரை அங்கே கொண்டுபோய் வைத்தான். அதன் பிறகு, அவனோடு பள்ளியில் படித்த கடையத்தைச் சேர்ந்த பரமசிவன் என்பவன் வரத் தொடங்கினான். தென்காசியில் செல்போன் பழுது பார்க்கும் கடை வைத்திருப்பவன். அவன் பேஸ் கிட்டார் வாசிப்பான். அதன் பிறகு ராயகிரியைச் சேர்ந்த வேல்விழி என்ற பெண் வந்தது. தென்காசியில் ஒரு பள்ளியில் விளையாட்டு ஆசிரியை. பள்ளியில் என்.சி.சி. அணிவகுப்புக்கு டிரம் அடித்துப் பழகிய பெண். ஒரு பெண் டிரம்ஸ் வாசிப்பதை நான் அதுவரை நேரில் பார்த்ததில்லை.

அவர்கள் வாசித்த முதல் நாளே என் அலமாரியில் இருந்த கண்ணாடி டம்ளர் ஒன்று உருண்டு விழுந்து உடைந்தது. மறுநாள் வேல்விழி ஆறு டம்ளர் வாங்கி வந்தது. உடைந்தது ஒன்றுதானே என்றேன். "இருக்கட்டும் ஆன்ட்டி. இன்னும் அஞ்சு நாள் வாசிக்கணும்லா" என்றது. நான் சிரிக்கவில்லை. மூன்று நிபந்தனைகள் விதித்தேன். மாலை நான்கு மணி முதல் ஏழு மணி வரை மட்டும். ஞாயிற்றுக்கிழமை கிடையாது. செருப்பு வாசலோடு சரி. மூன்றையும் அவர்கள் கடைசி வரை மீறவில்லை.

2021 டிசம்பரில் கடையம் பக்கம் ஒரு ஊரில், எங்கள் சபைக் கோயிலில் எல்லோருக்கும் சாப்பாடு போடும் அசன விருந்தன்று மாலை அவர்கள் முதன்முதலாக மேடையேறினார்கள். பெரியவர் ஒருவர் மேடைக்கு அருகில் வந்து, "ஏலே தம்பி, அந்த ஜெனரேட்டர அங்கன தள்ளி வைங்கலே, பாட்டு கேக்க மாட்டேங்கு" என்றாராம். அங்கே ஜெனரேட்டர் இல்லை. அது என் மகனுடைய கிட்டார். இதை அவனே வந்து சொல்லிச் சிரித்தான்.

2022இல் சீசன் மறுபடி வந்தது. மே மாதக் கடைசியில் அறைகளைக் காலி செய்யச் சொன்னேன். "அப்போ எங்களுக்கு ஆஃப் சீசன்லதான் வீடா?" என்று கிங்ஸ்லி கேட்டான். ஆமாம் என்றேன். சாமான்களைக் கட்டிக்கொண்டிருந்த பரமசிவன், "ஏலே, அதையே பேரா வச்சிருவோம்" என்றான். அவர்களுடைய இசைக்குழுவுக்கு ஆஃப் சீசன் என்ற பெயர் இப்படித்தான் வந்தது. சீசன் முடியும் வரை கடையத்தில் பரமசிவன் வீட்டு நெல் குடோனில் வாசித்தார்கள்.

அதன் பிறகு செப்டம்பர் மாதம் திரும்பி வந்து, "செப்டம்பர்" என்ற பாட்டைச் செய்தார்கள். கடைகளை மூடித் தார்ப்பாயைச் சுருட்டிக்கொண்டு எல்லோரும் போன பிறகு உள்ள குற்றாலத்தைப் பற்றிய பாட்டு. அதை எழுதியவன் என் மகன். "நீங்க எல்லாரும் போன பெறகும் அருவி விழுந்துக்கிட்டுதான் இருக்கு" என்று வரும். பின் அறையில் வைத்தே செல்போனில் படம் எடுத்து வெளியிட்டார்கள். விருந்தாளிகளுக்காக நான் எழுதிச் சுவரில் ஒட்டியிருந்த "ஈரத் துணியைக் கட்டிலில் போடாதீர்கள்" என்ற அறிவிப்பும் அந்தப் படத்தில் தெரிந்தது. நாற்பது லட்சம் பேர் பார்த்ததாகச் சொன்னார்கள். அதன் பிறகு கொச்சி, பெங்களூர், கோயம்புத்தூர் என்று அழைப்புகள் வந்தன. 2024 மார்ச்சில் கிங்ஸ்லி கம்ப்யூட்டர் வேலையை விட்டான். நான் பத்து நாள் அவனோடு பேசவில்லை.

அந்த வருடம் டிசம்பரில் திருநெல்வேலியில் நடந்த கச்சேரிக்கு அவனிடம் சொல்லாமல் பேருந்தில் போனேன். காதில் பஞ்சு வைத்துக்கொண்டு கடைசி வரிசையில் உட்கார்ந்தேன். எனக்கு முன்னால் பிள்ளைகள் சிலர் அட்டைகளைத் தூக்கிப் பிடித்திருந்தார்கள். அதில் "ஈரத் துணியைக் கட்டிலில் போடாதீர்கள்" என்று எழுதியிருந்தது. "செப்டம்பர்" பாட்டு தொடங்கியதும் பஞ்சை எடுத்துவிட்டேன். பாட்டு முடிந்ததும் கிளம்பி வந்துவிட்டேன். நான் போனது அவனுக்குத் தெரியாது. சொல்லலாம் என்று இருந்தேன்.

இந்த வருடம் மார்ச் மாதம் முழுவதும் அவர்கள் வெளியூர்களில் இருந்தார்கள். எர்த் குழிக்குத் தண்ணீர் ஊற்றவில்லை. மே மாதம் முதல் வாரத்தில் கிங்ஸ்லி என்னிடம், ஜூன் 28ஆம் தேதி சென்னையில் பெரிய மேடையில் வாசிக்கப் போவதாகவும், அது முடிந்ததும் வேல்விழியைப் பதிவுத் திருமணம் செய்துகொள்ளப் போவதாகவும் சொன்னான். அந்தப் பெண் வேறு மதம். நான் சம்மதிக்கவில்லை. "உங்க சம்மதம் இல்லாம செய்ய மாட்டேன், ஆனா வேற யாரையும் செய்யவும் மாட்டேன்" என்று சொல்லிவிட்டு, பாட்டுப் பதிவுக்காகக் கொச்சிக்குப் போய்விட்டான்.

அவன் ஊரில் இல்லாத நேரத்தில், விருந்தாளிகளின் கார் நிறுத்துவதற்காக முற்றத்தில் சிமெண்ட் கல் பதிக்க ஏற்பாடு செய்தேன். மேலகரத்தைச் சேர்ந்த கொத்தனார் பலவேசம் என்பவர் மே 19ஆம் தேதி வேலை தொடங்கினார். மண்ணை வெட்டி மட்டம் பார்த்தபோது மேற்படி இரும்புப் பட்டை குறுக்கே வந்தது. அதன் மேல் கல் பதித்தால் அந்த வரிசை மட்டும் விரல் உயரத்துக்கு மேடாக நின்றது. பலவேசம் என்னைக் கூப்பிட்டு, "அம்மா, இது கரண்டு எர்த்துல்லா? ஒரு ஆளக் கூப்பிட்டு ஆழத்துல மாத்திட்டுப் பதிப்போம். ரெண்டு நாள் பிந்தும், அவ்வளவுதான்" என்றார். ஜூன் முதல் வாரத்துக்கு விருந்தாளிகள் சொல்லி வைத்திருந்தார்கள். நான், "வெட்டிவிட்டு வேலையைப் பாருங்கள். சீசன் முடிந்ததும் மாற்றிக்கொள்ளலாம்" என்றேன். அவர், "சார் போட்டது, அம்மா" என்றார். சார் இறந்து ஏழு வருடம் ஆகிறது என்று சொன்னேன். வெட்டினார். குழியையும் மூடிக் கல் பதித்தார். முற்றம் நல்ல மட்டமாக வந்தது.

மே 27ஆம் தேதி கிங்ஸ்லி வந்தான். கொச்சியில் ஒருவரிடம் வாங்கிய பழைய ஒலிபெருக்கிப் பெட்டி ஒன்றையும் கொண்டு வந்தான். முற்றத்தைப் பார்த்துவிட்டு, "எம்மா, அப்பா குழி எங்க?" என்று கேட்டான். கல்லுக்குக் கீழே இருக்கிறது என்றேன். "அப்போ இனிமே அப்பாவுக்குத் தண்ணி கிடையாது" என்று சிரித்தான். பட்டையை வெட்டியதை நான் சொல்லவில்லை. சொன்னால் கல்லைப் பெயர்ப்பான் என்று தெரியும்.

சென்னை மேடைக்குப் பயிற்சி எடுக்க ஜூனிலும் இடம் வேண்டும் என்று கேட்டான். முதலில் மறுத்தேன். பிறகு வீட்டின் முன் ஹாலைக் கொடுத்தேன். பின் அறைகளில் ஜூன் 6ஆம் தேதி மதுரையிலிருந்து வந்த குடும்பம் தங்கியிருந்தது. சாரல் விழுந்துகொண்டே இருந்ததால் வீடு முழுவதும் தரை ஈரமாகவே இருந்தது.

ஜூன் 12ஆம் தேதி வேல்விழி சமையலறைக்கு வந்து, "ஆன்ட்டி, கிங்ஸ்லிக்குப் பாடும்போது மைக்ல உதடு பட்டா சுர்ருங்கு. ஒரு எலக்ட்ரீசியனக் கூப்பிடுவோமா?" என்று கேட்டது. ஈரம் பட்டால் அப்படித்தான் இருக்கும் என்று பதில் சொன்னேன். மறுநாள் அந்தப் பெண் திருப்புளி கொண்டுவந்து, ஒலிபெருக்கிப் பெட்டியின் பிளக்கைக் கழற்றிப் பார்த்து, திரும்ப முடுக்கியது. நான் கதவருகில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். என்னைப் பார்த்து, "இதுல எர்த் வயர் சரியாத்தான் இருக்கு. வீட்டுக்குத்தான் எர்த் வரலன்னு நினைக்கேன். மெயின ஆஃப் பண்ணிட்டு மீட்டர் பெட்டியப் பாக்கணும் ஆன்ட்டி" என்றது. விருந்தாளிகள் இருக்கும்போது மெயினை அணைக்க முடியாது, உனக்கு டிரம்ஸ் அடிக்கிற வேலை இருக்கிறது, அதைப் பார் என்று சொன்னேன். அந்தச் சமயத்தில் அந்தப் பட்டை எனக்கு ஞாபகம் வந்தது. ஞாபகம் வந்தது என்பதையும் எழுதிக்கொள்ளும்படி கேட்டுக்கொண்டேன். அவள் சொல்லி நான் ஒன்றைச் செய்ய வேண்டுமா என்பதுதான் அப்போது என் மனதில் இருந்தது.

ஜூன் 14ஆம் தேதி, சனிக்கிழமை, மாலை நான்கு மணிக்கு மூவரும் ஹாலில் வாசிக்கத் தொடங்கினார்கள். நாலரை மணிக்குச் சாரல் வலுத்தது. விருந்தாளிகளின் துண்டுகள் முற்றத்துக் கொடியில் கிடந்தன. கிங்ஸ்லியைக் கூப்பிட்டு எடுத்துவரச் சொன்னேன். "இந்தா வாரேன்" என்று கிட்டாரைக் கழற்றி வைத்துவிட்டு ஓடினான். துண்டுகளை என் கையில் கொடுத்தான். கால் துடைக்கும் மிதியடியை அன்று காலையில் துவைத்துப் போட்டிருந்தேன். செருப்பை வாசலில் விட்டுவிட்டு ஈரக் காலோடு உள்ளே போனான். நான் துண்டுகளை மடித்துக்கொண்டிருந்தேன். கிட்டார் ஒரு முறை உறுமியது. அதன் பிறகு டிரம்ஸ் மட்டும் இரண்டு மூன்று அடி கேட்டது. அதன் பிறகு அதுவும் நின்றுவிட்டது.

நான் உள்ளே போனபோது கிங்ஸ்லி தரையில் கிடந்தான். ஒரு கை கிட்டார் கம்பியோடு இறுகியிருந்தது. வேல்விழி டிரம்ஸ் குச்சியால் வயரை நெம்பி இழுத்துப் பிளக்கைப் பிடுங்கியது. பரமசிவன் மரக் கட்டிலில் உட்கார்ந்து வாசித்ததால் அவனுக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆட்டோவில் தென்காசி மருத்துவமனைக்குக் கொண்டு போனோம். வழி முழுவதும் வேல்விழி அவன் நெஞ்சை இரண்டு கையாலும் அழுத்திக்கொண்டே, எண்ணிக்கொண்டே வந்தது. முப்பது வரை எண்ணும், மறுபடி ஒன்றிலிருந்து தொடங்கும். மருத்துவமனையில் பார்த்துவிட்டு, உயிர் ஏற்கனவே பிரிந்துவிட்டது என்றார்கள். அதன் பிறகும் அந்தப் பெண் எண்ணுவதை நிறுத்தவில்லை. பரமசிவன்தான் கையைப் பிடித்து விலக்கினான்.

மறுநாள் அடக்க ஆராதனை முடிந்து வீட்டுக்குக்கூடப் போகாமல் இங்கே வந்து புகார் கொடுத்தேன். வேல்விழி 13ஆம் தேதி பிளக்கைக் கழற்றி மின் இணைப்பில் கைவைத்தது, அதனால்தான் என் மகன் இறந்தான் என்று எழுதிக் கொடுத்தேன். கழற்றியது உண்மை. திரும்பச் சரியாக முடுக்கியதையும், அந்தப் பெண் என்னிடம் சொன்னதையும், நான் சொன்ன பதிலையும், வெட்டிய பட்டையையும் எழுதவில்லை. என் புகாரின் பேரில் ஜூன் 18ஆம் தேதி அந்தப் பெண்ணைக் கைது செய்தார்கள். 27ஆம் தேதி ஜாமீன் கிடைத்தது. தினமும் காலை பத்து மணிக்கு இந்த நிலையத்தில் கையெழுத்துப் போட வேண்டும், என்னிடம் பேசக் கூடாது என்பது நிபந்தனை. பள்ளியில் வேலைக்கு வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்களாம். மறுநாள் 28ஆம் தேதி சென்னை மேடையில் வேறு யாரோ வாசித்தார்கள்.

ஜூலை 8ஆம் தேதி மின் ஆய்வுக்கு வந்த அதிகாரி, எர்த் குழி எங்கே இருக்கிறது என்று கேட்டார். என் கணவர் காலத்துக் காரியம், எனக்குத் தெரியாது என்று சொன்னேன். பொய் சொன்னேன். அவர் அந்தக் கல்லின் மேல் நின்றுகொண்டுதான் கேட்டார்.

வேல்விழி தென்காசியிலிருந்து பேருந்தில் வந்து இறங்கி, என் வீட்டு வாசல் வழியாகத்தான் நிலையத்துக்கு நடந்து போகும். தினமும் ஜன்னலில் நின்று பார்த்து வந்தேன். ஜூலை 12ஆம் தேதி சாரலில் தலை நனைந்து போய்க்கொண்டிருந்தது. நான் கேட் அருகில் போய்க் கூப்பிட்டேன். நான்தான் கூப்பிட்டேன், எனவே ஜாமீன் நிபந்தனையை மீறியதாக அந்தப் பெண்ணின் மேல் எழுதக் கூடாது. கேட்டுக்கு வெளியிலேயே நின்றது. உள்ளே வரும் எண்ணம் இல்லை என்றாலும் செருப்பைக் கழற்றிவிட்டு, சாலை ஈரத்தில் வெறுங்காலோடு நின்றது. குடை எடுத்து வரக் கூடாதா என்று கேட்டேன்.

"குடை உங்க வீட்டுல கெடக்கு ஆன்ட்டி. கிங்ஸ்லி வண்டி சீட்டுக்கு அடியில."

அதன் பிறகு, சென்னையிலிருந்து போன் வந்ததாகவும், "செப்டம்பர்" பாட்டை அவன் பெயரிலேயே பதிவு செய்யத் தாயார் கையெழுத்து வேண்டும் என்று கேட்பதாகவும் சொன்னது. வழக்கைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. "லேட்டாயிட்டுன்னா ஏட்டய்யா ஏசுவாவ" என்று சொல்லிவிட்டுச் செருப்பை மாட்டிக்கொண்டு போனது.

குடையை எடுக்க முற்றத்துக்குப் போனேன். வண்டி, அவன் நிறுத்தி வைத்தபடியே, மாமரத்துக்கு அருகில் நின்றது. சீட்டைத் திறக்க வண்டியை நகர்த்தியபோது, அதன் ஸ்டாண்டு அழுந்தியிருந்த கல் எந்தக் கல் என்று பார்த்தேன். குடையை எடுத்துக்கொண்டு கேட்டுக்கு வந்தபோது அந்தப் பெண் திருப்பத்தைத் தாண்டிப் போய்விட்டது.

ஜூலை 14ஆம் தேதி பலவேசத்தை வரவழைத்து நான்கு கற்களைப் பெயர்க்கச் சொன்னேன். வெட்டிய பட்டையின் இரண்டு முனைகளும் ஒரு முழ இடைவெளியில் இருக்கின்றன. "நானும் வெட்டியிருக்கக் கூடாது அம்மா" என்று பலவேசம் அழுதார். அவர் எச்சரித்தார், வெட்டச் சொன்னது நான். அவர் மேல் குற்றம் இல்லை. கற்களைத் திரும்பப் பதிக்க வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். குழி திறந்தே இருக்கிறது. அதிகாரிகள் எப்போது வேண்டுமானாலும் வந்து பார்க்கலாம். விருந்தாளிகளை அனுப்பிவிட்டேன். குடையைக் கையோடு கொண்டு வந்திருக்கிறேன். நாளை காலை பத்து மணிக்கு அந்தப் பெண் கையெழுத்துப் போட வரும்போது கொடுத்துவிடும்படி நிலைய எழுத்தரிடம் ஒப்படைத்திருக்கிறேன்.

வேல்விழியும் பரமசிவனும் என் மகனின் மரணத்துக்கு எந்த விதத்திலும் காரணம் அல்ல. வேல்விழி தன்னால் முடிந்த அளவு அதைத் தடுக்கப் பார்த்தது. அந்தப் பெண்ணைத் தடுத்தது நான்.

நான் சொல்லச் சொல்ல உதவி ஆய்வாளர் எழுதிய இந்த வாக்குமூலத்தைக் கண்ணாடி அணிந்து நானே முழுவதும் படித்துப் பார்த்தேன். பட்டை வெட்டியதைப் பற்றிய இடத்தில், என் வயதையும் நிலைமையையும் எண்ணி அவர் "விளைவு அறியாமல்" என்று இரண்டு சொற்கள் சேர்த்து எழுதியிருந்தார். நான் முப்பது வருடம் மின்வாரிய போர்மேனின் மனைவியாக இருந்தவள். மார்ச் மாதத்துத் தண்ணீர் எதற்கு என்று எனக்குத் தெரியும். அந்த இரண்டு சொற்களையும் அடிக்கச் சொன்னேன். அடித்த இடத்தின் ஓரத்தில் சுருக்கொப்பம் இட்டிருக்கிறேன். வேறு அடித்தல் திருத்தல் கிடையாது. மீதி எல்லாம் நடந்தது நடந்தபடி, நான் சொன்னது சொன்னபடி இருக்கிறது.

(ஒப்பம்)
எமிலி கிருபாவதி
கிங்ஸ்லியின் தாயார்